நகைச்சுவைக் குறும்படங்களை எழுதி இயக்குவதும் ஒரு முழு வாழ்க்கைப்பணியே

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். குறும்பட இயக்குநர்களைப் பற்றி நாளிதழ்களிலும் அவற்றின் வார இணைப்புகளிலும் வருகின்ற கட்டுரைகளையும் நேர்காணல்களையும் விடாமல் படித்து வருகிறவன் நான். தங்கள் நாளிதழில் வருபவற்றையும் சேர்த்தே சொல்கிறேன்: அவை எங்கே தொடங்கினாலும் கடைசியில் ஒரே கேள்வியில்தான் வந்து நிற்கின்றன. முழுநீளப் படம் எப்போது? கதை தயாராக இருக்கிறது, தயாரிப்பாளரிடம் பேசிக்கொண்டிருக்கிறேன் என்று அந்த இயக்குநர் சொல்லிவிட்டால் கட்டுரை நிம்மதியாக முடிகிறது. அப்படியொரு எண்ணமே இல்லை என்று அவர் சொன்னால், எழுதியவருக்கு மேற்கொண்டு என்ன எழுதுவதென்று தெரியாமல் போய்விடுகிறது. அதிலும், ஏறுக்குமாறான கற்பனையும் அபத்தச் சுவையும் கொண்ட நகைச்சுவைக் குறும்படங்களைத் தாமே எழுதித் தாமே இயக்குகிறவர்கள், இன்னும் வேலைக்குச் சேராத பட்டதாரிகளைப் போலவே நடத்தப்படுகிறார்கள்.

இந்தப் பார்வை அந்தக் கலையின் வரலாற்றுக்கும் பொருந்தவில்லை, அதன் நுட்பத்துக்கும் பொருந்தவில்லை என்பது என் கருத்து. திரைப்படச் சங்கங்களின் திரையிடல்களுக்குக் குறும்படங்களைப் பார்த்துத் தேர்ந்தெடுத்துத் தரும் வேலையில் நீண்ட காலமாக இருப்பவன் என்ற ஒரே தகுதியில் இதை எழுதுகிறேன். கடிதம் சற்று நீண்டுவிட்டது. இடத்துக்கு ஏற்றபடி குறைத்துக்கொள்ளத் தங்களுக்கு முழு உரிமை உண்டு.

இலக்கியத்தில் நாம் இந்தத் தவறைச் செய்வதில்லை. மௌனி நாவல் எழுதவில்லை. அவர் எழுதிய சிறுகதைகளையும் ஒரே தொகுப்புக்குள் அடக்கிவிடலாம். ஆனாலும் அவர் நாவலுக்குப் பயிற்சி எடுத்துக்கொண்டிருந்தார் என்று எந்த விமரிசகரும் எழுதியதில்லை, எழுதினால் வாசகர்கள் சும்மா விடவும் மாட்டார்கள். சிறுகதைக்கு நாம் கொடுத்திருக்கும் இந்த மரியாதையைக் குறும்படத்துக்குக் கொடுக்க ஏன் தயங்குகிறோம் என்பதற்கு, திரைத்துறையில் புழங்கும் பணத்தின் அளவைத் தவிர வேறு காரணம் எனக்குத் தெரியவில்லை.

முதலில் வரலாறு. திரை நகைச்சுவை பிறந்ததே குறும்படமாகத்தான். ஒரு ரீல் என்பது ஏறக்குறைய ஆயிரம் அடி நீளமுள்ள படச்சுருள். மௌனப்படக் காலத்தில் திரையிடும் வேகத்தைப் பொறுத்து அது பத்து முதல் பதினைந்து நிமிடம் வரை ஓடும். ஒரு ரீல் படமும் இரண்டு ரீல் படமும்தான் அன்றைய நகைச்சுவையின் இயல்பான அளவுகள். சார்லி சாப்ளின் 1914-இல் கீஸ்டோன் நிறுவனத்தில் நடிக்கத் தொடங்கி, அந்த ஆண்டிலேயே தம் படங்களைத் தாமே எழுதி இயக்கவும் ஆரம்பித்தார். 1916-க்கும் 1917-க்கும் இடையில் மியூச்சுவல் நிறுவனத்துக்காக அவர் செய்த பன்னிரண்டு இரண்டு ரீல் படங்களை அவருடைய மிக நல்ல படைப்புகளின் வரிசையில் வைப்பவர்கள் இன்றும் இருக்கிறார்கள். பின்னால் வந்த பெரிய படங்களுக்கான ஒத்திகையாக அவற்றை யாரும் எடுக்கவில்லை. அவற்றைப் பார்ப்பதற்கென்றே மக்கள் கொட்டகைக்கு வந்தார்கள்.

மௌனப்பட நகைச்சுவைக் கலைஞர் பஸ்டர் கீட்டனை இங்கே கொஞ்சம் விரிவாகச் சொல்ல வேண்டும். இந்தக் கலையில் ஒருவருடைய வாழ்க்கை எப்படியெல்லாம் வளைந்து செல்லலாம் என்பதற்கு அவரைவிட நல்ல சான்று இல்லை. 1920 முதல் 1923 வரை சொந்தப் படக்குழுவை வைத்துக்கொண்டு அவர் பத்தொன்பது குறும்படங்களைச் செய்தார். பெரும்பாலானவற்றின் எழுத்திலும் இயக்கத்திலும் எடி கிளைன் அவருக்குத் துணையாக இருந்தார். இவற்றுள் முதலில் வெளியான 'ஒன் வீக்' படத்தில், புதுமணத் தம்பதிக்குப் பாகங்களாகப் பிரித்துப் பெட்டிகளில் அடைத்த ஒரு வீடு பரிசாகக் கிடைக்கிறது. எண்களைப் பார்த்து வரிசைப்படி பொருத்திக்கொள்ள வேண்டியதுதான் பாக்கி. பொறாமை கொண்ட ஒருவன் பெட்டிகளின் எண்களை மாற்றி எழுதிவிட்டுப் போகிறான். கோணல்மாணலாக எழுந்த வீடு புயலில் பம்பரமாகச் சுழல்கிறது. பிறகு அது தவறான மனையில் கட்டப்பட்டிருப்பது தெரிய வர, வண்டியில் கட்டி இழுத்துக்கொண்டு போகும்போது ரயில் தண்டவாளத்தின் நடுவே சிக்கிக்கொள்கிறது.

தூரத்தில் ரயில் வருகிறது. கணவனும் மனைவியும் கண்ணைப் பொத்திக்கொள்கிறார்கள். ரயில் பக்கத்துத் தண்டவாளத்தில் வீட்டை உரசாமல் கடந்து போய்விடுகிறது. அப்பாடா என்று அவர்கள் மூச்சு விடும் நொடியில், எதிர்த் திசையிலிருந்து வந்த வேறொரு ரயில் வீட்டைத் தூள்தூளாக்கிவிட்டுப் போகிறது. இடிபாட்டின் மேல் 'விற்பனைக்கு' என்ற பலகையை நட்டு, வீட்டைப் பொருத்துவதற்கான குறிப்புத் தாளையும் அதில் செருகிவைத்துவிட்டு இருவரும் நடையைக் கட்டுகிறார்கள். மொத்தமும் இருபது நிமிடத்தைச் சுற்றித்தான்.

இதைத் தொண்ணூறு நிமிடமாக்கினால் என்ன ஆகும் என்று எண்ணிப் பாருங்கள். எண் மாற்றியவனுக்கு ஒரு முன்கதை வேண்டும், மனைவிக்கு ஒரு தாய்வீடு வேண்டும், புயலுக்கு முன் ஒரு பாட்டு வேண்டும். இவை எல்லாம் சேர்ந்தால், இரண்டாவது ரயில் வரும்போது நாம் சிரிக்கமாட்டோம். அந்த வீட்டின்மேல் நமக்கு அதற்குள் பாசம் வந்திருக்கும். சில கற்பனைகளின் இயல்பான உயரம் இருபது நிமிடம்தான். அந்த உயரத்தைச் சரியாக அறிந்து அங்கே நிறுத்திக்கொள்கிற தேர்ச்சியை, மேலே வளர முடியாத குறையாக நாம் எழுதிக்கொண்டிருக்கிறோம்.

கீட்டன் 1923-இல் முழுநீளப் படங்களுக்குப் போனார், அங்கும் பெரும் சாதனைகளைச் செய்தார் என்பதை நான் மறுக்கவில்லை. ஆனால் அதற்குப் பின் நடந்ததையும் சேர்த்துப் பார்க்க வேண்டும். 1928-இல் எம்.ஜி.எம். நிறுவனத்தோடு ஒப்பந்தம் செய்துகொண்டதிலிருந்து தம் படங்களின்மேல் அவருக்கிருந்த அதிகாரம் படிப்படியாகப் பறிபோயிற்று. முப்பதுகளில் சிறு நிறுவனங்களுக்காக மலிவுச் செலவுக் குறும்படங்களில் நடித்துக்கொண்டிருந்தார். எழுபது வயதை நெருங்கும்போது, கனடாவின் தேசியத் திரைப்பட வாரியம் தயாரித்து 1965-இல் வெளிவந்த ஒரு வசனமில்லாத நகைச்சுவைக் குறும்படத்தில், தண்டவாளத்தில் ஓடும் சிறிய மோட்டார் வண்டி ஒன்றில் ஏறி அந்த நாட்டைக் குறுக்காகக் கடந்தார். அதே ஆண்டில், சாமுவேல் பெக்கெட் எழுதிய ஒரு குறும்படத்திலும் அவர் நடித்தது வெளியாயிற்று. 1966 பிப்ரவரியில் மறைந்தார். இந்த வாழ்க்கையைக் குறும்படத்திலிருந்து பெரிய படத்துக்கு ஏறும் ஏணியாக வரைவதற்கு எந்தப் பத்திரிகையாளராலும் முடியாது.

இன்னொருவர் ஸ்டான் லாரல். ஆலிவர் ஹார்டியோடு அவர் நடித்த குறும்படங்களில் இயக்குநர் என்று வேறு யாருடைய பெயராவது இருக்கும். ஆனால் சிரிப்புக்கான நிகழ்வுகளைக் கற்பனை செய்வது முதல் படத்தொகுப்பு மேசையில் எந்த இடத்தில் வெட்டுவது என்பது வரை அவரே பார்த்துக்கொண்டார் என்பதை அந்தக் காலத்தைப் பற்றி எழுதியவர்கள் பலரும் பதிவு செய்திருக்கிறார்கள். நெடும் படிக்கட்டில் ஒரு பியானோவைத் தூக்கிக்கொண்டு போகும் அவர்களுடைய 'தி மியூசிக் பாக்ஸ்' 1932-இல் வெளிவந்தது. நகைச்சுவைக் குறும்படத்துக்கென்று, ஆஸ்கர் விருதுகளை வழங்கும் அமெரிக்க அகாடமி தனியாக ஏற்படுத்திய விருதை முதன்முதலில் வென்ற படம் அதுதான்.

அந்தப் பிரிவு நெடுநாள் நீடிக்கவில்லை. 1936 முதல் குறும்படங்களைச் சுவையின்படி பிரிக்காமல் ரீல் கணக்கில் பிரிக்கத் தொடங்கினார்கள்; 1957-இல் நடிகர்கள் நடிக்கும் குறும்படங்கள் எல்லாம் ஒரே பிரிவுக்குள் வந்துவிட்டன. அன்றிலிருந்து, பன்னிரண்டு நிமிடம் சிரிக்க வைக்கும் படமும், போரில் பிள்ளையை இழந்த தாயைப் பற்றிய படமும் ஒரே மேடையில் போட்டியிட வேண்டியிருக்கிறது. நடுவர்களும் மனிதர்கள்தாமே, சிரித்ததற்காக வாக்களிப்பதைவிட அழுததற்காக வாக்களிப்பது அவர்களுக்குக் கண்ணியமாகத் தோன்றுகிறது. இது என் ஊகம்தான் என்றாலும், தேர்வுக் குழுக்களில் உட்கார்ந்து பார்த்தவர்கள் பலர் இதை ஒப்புக்கொள்வார்கள்.

குறும்பட நகைச்சுவை பிழைப்பாக இருந்த நிலை மாறியதற்குக் கலைக் காரணம் எதுவும் இல்லை. பொருளாதார மந்தக் காலத்தில் அமெரிக்கக் கொட்டகைகள் ஒரே சீட்டுக்கு இரண்டு முழுநீளப் படங்களைக் காட்டத் தொடங்கியதும், நடுவில் ஓடிக்கொண்டிருந்த இரண்டு ரீல் படத்துக்கு இடமில்லாமல் போயிற்று. மீதியைத் தொலைக்காட்சி எடுத்துக்கொண்டது. ஐம்பதுகளின் முடிவில், 'த்ரீ ஸ்டூஜஸ்' என்ற மூவர் நகைச்சுவைக் குழுவை வைத்து நெடுங்காலம் குறும்படம் எடுத்து வந்த கொலம்பியா நிறுவனமும் அந்தப் பிரிவை மூடிவிட்டது. ஆக, மாதச் சம்பளத்துக்கு நகைச்சுவைக் குறும்படம் எழுதி இயக்கிய ஒரு தலைமுறையே இருந்தது. சந்தை மாறியதால் அந்த வேலை மறைந்தது. பிற்காலத்தில் வந்தவர்கள், அப்படியொரு வேலையே ஒருபோதும் இருந்ததில்லை என்று எண்ணிக்கொண்டுவிட்டார்கள்.

இனி நுட்பம். இந்த வகைப் படங்களில் எழுதுகிறவரும் இயக்குகிறவரும் பெரும்பாலும் ஒருவராகவே இருப்பது தற்செயலாகவோ பணப் பற்றாக்குறையாலோ நேர்வது என்று நினைக்கிறார்கள். உண்மைக் காரணம் வேறு. அபத்த நகைச்சுவையைத் தாளில் எழுதினால் அதில் சிரிப்பதற்கு ஒன்றும் இருக்காது. 'அவன் கதவைத் திறக்கிறான். உள்ளே ஏற்கெனவே அவன் உட்கார்ந்திருக்கிறான். இருவரும் ஒன்றும் பேசவில்லை' என்று திரைக்கதையில் இருந்தால், படிக்கிற தயாரிப்பாளர் அடுத்த பக்கத்தைப் புரட்டிவிடுவார். அந்த மௌனம் எத்தனை நொடி நீடிக்கிறது, கேமரா எவ்வளவு தள்ளி நிற்கிறது, இருவரில் யார் முதலில் கண்ணைத் திருப்புகிறார் என்பதில்தான் சிரிப்பு இருக்கிறது. இவற்றைத் தாளில் எழுதிக் காட்ட முடியாது. எழுதியவரின் மனத்தில் மட்டுமே அவை ஓடிக்கொண்டிருக்கும். அதனால் அவரே எடுத்தாக வேண்டும்.

இந்தப் படங்களைத் தொடர்ந்து பார்க்கிறவர்களுக்கு அவற்றின் அடிப்படைக் கட்டுமானம் எளிதில் பிடிபடும். உலகத்தின் இயல்பான விதிகளில் ஒன்றே ஒன்றை மட்டும் மாற்றிவிட்டு, மற்ற எல்லாவற்றையும் மிகக் கறாராக அப்படியே வைத்திருப்பார்கள். ஸ்பானிய இயக்குநர் நாச்சோ விகலோண்டோ 2003-இல் எடுத்த எட்டு நிமிடப் படத்தில், வழக்கம்போல் காலைக் காபிக்கு வரும் ஒரு பெண், அங்கிருக்கும் அத்தனை பேரும் தன்னை நோக்கிப் பாடி ஆடத் தொடங்குவதைக் காண்கிறாள். இனிய இசைப்படத்தின் காட்சி போலத் தொடங்கும் அதில், ஆடுகிறவர்களின் முகத்தில் மட்டும் மகிழ்ச்சி இல்லை. பாட்டைத் தொடங்கியவன் உடம்பில் வெடிகுண்டைக் கட்டிக்கொண்டு அவர்களை ஆட வைத்திருக்கிறான் என்பது பிறகு தெரிகிறது. மாற்றிய விதி ஒன்றே ஒன்று. அதிலிருந்து பிறக்கிற அனைத்தும் தர்க்கப்படி நடக்கின்றன. நடிகர்கள் நகைச்சுவை நடிப்பதாகக் காட்டிக்கொண்டால் படம் அங்கேயே விழுந்துவிடும். மரண பயத்தில் இருப்பவர்கள் எப்படி ஆடுவார்களோ அப்படித்தான் ஆடுகிறார்கள்.

பிறகு, முடிவு என்ற தலைவலி. முழுநீளப் படத்தின் முடிவு சுமாராக இருந்தாலும், அதற்கு முன் பார்த்த இரண்டு மணி நேரத்துக்காகப் பார்வையாளர் மன்னித்துவிடுவார். பத்து நிமிடப் படத்தில் அந்தத் தாராளம் கிடையாது. கடைசி இருபது நொடி சரியில்லை என்றால் மொத்தப் படமும் சரியில்லை. எனக்குத் தேர்வுக்கு வரும் நகைச்சுவைக் குறும்படங்களில் பெரும்பாலானவை நல்ல கற்பனையோடு தொடங்கி, எப்படி முடிப்பது என்று தெரியாமல் 'எல்லாம் கனவு' என்றோ, யாரோ ஒருவர் கேமராவைப் பார்த்துத் தோளைக் குலுக்குவதாகவோ முடிந்துபோகின்றன. (கனவில் முடியும் படங்களை முதல் சுற்றிலேயே ஒதுக்கிவைப்பது என் வழக்கம், இதற்காக என்னைக் கடுமையானவன் என்று சொல்பவர்கள் உண்டு.) நன்றாக முடிக்கத் தெரிந்தவர் அதைப் பல படங்கள் எடுத்துத்தான் கற்றுக்கொண்டிருப்பார். அப்படிப் பல படங்கள் எடுப்பதைத்தான் நாம் தேக்கம் என்று எழுதிவிடுகிறோம்.

இந்த நுட்பத்தைக் கூர்தீட்டிக்கொள்ள எவ்வளவு காலம் பிடிக்கும் என்பதற்கு ஸ்வீடன் இயக்குநர் ராய் ஆண்டர்சனைக் காட்டலாம். 1970-இல் அவருடைய முதல் முழுநீளப் படம் பெரும் வெற்றி பெற்றது. 1975-இல் வந்த இரண்டாவது படம் தோல்வியடைந்தது. அடுத்த முழுநீளப் படம் 2000-இல்தான் வந்தது. நடுவிலிருந்த இருபத்தைந்து ஆண்டுகளை வீணான காலம் என்று யாராவது எழுதினால் அது பெரும் பிழை. 1981-இல் சொந்தமாக ஒரு படப்பிடிப்புக் கூடத்தை அமைத்துக்கொண்டு, அந்த ஆண்டுகளில் நூற்றுக்கணக்கான விளம்பரப் படங்களையும் ஓரிரு குறும்படங்களையும் எடுத்தார். அசையாத கேமரா, தள்ளி நிற்கும் அகன்ற சட்டகம், வெளிறிய முகங்கள், வெட்டே இல்லாமல் ஒரே ஷாட்டில் நடந்து முடியும் காட்சி என்று இன்று உலகம் அவருடையதாக அறிகிற பாணி அந்த விளம்பரங்களிலும் குறும்படங்களிலும் உருவானதுதான். 1991-இல் அவர் எடுத்த குறும்படத்தில், ஒரு சாதாரண மனிதர் தம் வீட்டையும் குடும்பத்தையும் வேலையையும் ஒவ்வொன்றாகக் கேமராவுக்கு அறிமுகப்படுத்துகிறார். சிரிப்பதா, அஞ்சுவதா என்று தெரியாமல் நாம் உட்கார்ந்திருக்கிறோம். 2014-இல் வெனிஸ் விழாவின் தங்கச் சிங்கத்தை வென்ற அவருடைய படத்தின் இலக்கணம் முழுவதும் அந்தப் பதினைந்து நிமிடத்துக்குள்ளேயே இருக்கிறது.

விளம்பரப் படம் எடுப்பதைப் பற்றி இங்கு இன்னொன்றும் சொல்ல வேண்டும், ஏனென்றால் இந்தத் துறையில் பிழைப்புக்கு அதுவே பெரும்பாலும் வழி. குறும்படத்தை நேரடியாக விற்றுப் பெறும் வருமானம் சொற்பம். பிரான்சின் கனால் ப்ளுஸ், ஆர்ட்டே போன்ற தொலைக்காட்சிகள் குறும்படங்களை வாங்குகின்றன. சில நாடுகளில் அரசுத் திரைப்பட நிறுவனங்கள் தயாரிப்புக்கு உதவுகின்றன. விழாக்களில் பரிசுத் தொகை கிடைப்பதுண்டு. ஆனாலும் பெரும்பாலோர் விளம்பரம் எடுத்தோ, தொலைக்காட்சித் தொடருக்கு எழுதியோ, கற்பித்தோதான் அடுத்த படத்துக்கான செலவைத் தேடிக்கொள்கிறார்கள். இதற்கு நேர் எதிரான வழியில் போனவரும் இருக்கிறார். அமெரிக்காவின் டான் ஹெர்ட்ஸ்ஃபெல்ட் 2000-இல் வெளியிட்ட, குச்சி மனிதர்கள் நடமாடும் வரைகலைக் குறும்படம், நிறுவனங்கள் நிராகரித்த விளம்பரங்களின் தொகுப்பு என்று தன்னைப் பொய்யாக அறிமுகப்படுத்திக்கொள்ளும். விளம்பரத்தையே எள்ளிய அந்தப் படம் அகாடமி விருதுக்குப் பரிந்துரைக்கப்பட்டது. விளம்பரம் எடுத்துத் தரச் சொல்லி வந்த அழைப்புகளை அவர் ஏற்கவில்லை. கையால் வரைந்து, தாமே எழுதி, தாமே வெளியிட்டு, பெரும்பாலும் குறும்பட அளவிலேயே தொடர்ந்து வேலை செய்து வருகிறார். 2015-இல் அவர் எடுத்த, எதிர்காலத்திலிருந்து ஒரு சிறுமியைத் தொடர்புகொள்ளும் பெண்ணைப் பற்றிய பதினாறு, பதினேழு நிமிடப் படம் சன்டான்ஸ் விழாவில் குறும்படத்துக்கான பெரும்பரிசைப் பெற்றது. இவரிடம் போய், முழுநீளப் படம் எப்போது என்று கேட்பதில் என்ன பொருள் இருக்கிறது?

விழாக்களின் நடைமுறையும் வாசகர்களுக்குத் தெரிய வேண்டியதே. ஜெர்மனியின் ஓபர்ஹவுசனில் 1954 முதலும், பிரான்சின் கிளெர்மோன்-ஃபெரானில் 1979 முதலும் குறும்படங்களுக்கென்றே விழாக்கள் நடந்து வருகின்றன. விழாக்களில் குறும்படங்களைத் தனித்தனியாகக் காட்டுவதில்லை. ஒன்றரை மணி நேரம் வருமாறு ஆறேழு படங்களைக் கோத்து ஒரு தொகுப்பாகக் காட்டுவார்கள். அகாடமியின் விதிப்படி நாற்பது நிமிடம் வரை குறும்படம்தான். ஆனால் முப்பத்தைந்து நிமிட நகைச்சுவைப் படம் ஒன்றைத் தேர்ந்தெடுத்தால் மற்ற மூன்று படங்களுக்கு இடமில்லாமல் போகும் என்பது தேர்வாளருக்குத் தெரியும். அதனால்தான் அனுபவமுள்ளவர்கள் பதினைந்து நிமிடத்துக்குள் முடிக்கப் பார்க்கிறார்கள். இன்னொரு சிக்கலும் உண்டு: கனமான இரண்டு படங்களுக்கு நடுவே மூச்சு விடுவதற்காக ஒரு சிரிப்புப் படத்தைச் செருகும் பழக்கம் என்னைப் போன்ற தேர்வாளர்களிடம் இருக்கிறது. அந்தப் படத்தை எடுத்தவர் அதை இடைவேளையாக எண்ணி எடுத்திருக்கமாட்டார்.

குறும்படத்திலிருந்து முழுநீளப் படத்துக்குப் போனவர்களைப் பற்றியே சொல்லாமல் விட்டால் இந்தக் கடிதம் ஒருதலைப்பட்சமாகிவிடும். ஜாக் தாத்தி 1947-இல் அஞ்சல்காரர் ஒருவரின் அவசரத்தை வைத்து எடுத்த குறும்படத்தின் சிரிப்புகளைக் கொண்டே, 1949-இல் வெளியான தம் முதல் முழுநீளப் படத்தை உருவாக்கினார். மார்ட்டின் மக்டோனா நாடகாசிரியராகப் புகழ் பெற்ற பிறகு எடுத்த முதல் படமே இருபத்தேழு நிமிடக் குறும்படம்தான். மனைவியைப் பறிகொடுத்த ஒருவர் ரயிலில் வாய் ஓயாத ஓர் இளைஞனோடு பயணம் செய்யும் அந்தக் கருநகைச்சுவை 2006-இல் அகாடமி விருதை வென்றது. நியூசிலாந்தின் டைகா வைடீட்டி, மதுவிடுதி வாசலில் இரண்டு கார்களில் பெற்றோருக்காகக் காத்திருக்கும் குழந்தைகளை வைத்து எடுத்த குறும்படத்துக்காக 2005-இல் பரிந்துரைக்கப்பட்டார். பெயர்களை வாசித்தபோது கேமரா தம் பக்கம் திரும்பியதும் தூங்குவதுபோல் நடித்தார். விருது மேடையிலும் அவருடைய குறும்படம் ஓடிக்கொண்டிருந்தது என்றே எனக்குத் தோன்றிற்று. அதே ஆண்டு அதே பிரிவில் விகலோண்டோவும் இருந்தார், நம் நாட்டின் அஷ்வின் குமாரும் இருந்தார். விருது ஆந்த்ரியா அர்னால்டின் ஒரு கனமான படத்துக்குப் போயிற்று.

ஆனால் பாதை எல்லாருக்கும் ஒன்றாக இருக்கவில்லை. பீட்டர் கபால்டி 1993-இல் பிபிசி ஸ்காட்லாந்தின் குறும்படத் திட்டத்தில், எழுத்தாளர் காஃப்கா, ஒருவன் பூச்சியாக மாறி விழித்தெழும் தம் புகழ்பெற்ற கதையின் முதல் வாக்கியத்தை முடிக்க முடியாமல் தவிப்பதாக ஒரு படம் எடுத்தார். விழித்தெழும் நாயகன் எதுவாக மாறியிருக்கிறான் என்பதுதான் காஃப்காவுக்குப் பிடிபடவில்லை. வாழைப்பழமாக மாறியிருப்பதாகக்கூட எழுதிப் பார்க்கிறார். வெளியே கதவை யாரோ தட்டிக்கொண்டே இருக்கிறார்கள். 1995-இல் இந்தப் படம் வேறொரு படத்தோடு சமமாக நின்று அகாடமி விருதைப் பகிர்ந்துகொண்டது. அதற்குப் பிறகு கபால்டி 2001-இல் ஒரு முழுநீளப் படத்தை எழுதி இயக்கினார்; உலகம் இன்று அவரை நடிகராகவே பெரிதும் அறிகிறது. அதனால் அந்த இருபத்து மூன்று நிமிடத்தின் மதிப்பு ஒரு துளியும் குறையவில்லை. வெஸ் ஆண்டர்சனின் கதை இதற்குத் தலைகீழ். தொண்ணூறுகளின் தொடக்கத்தில் எடுத்த குறும்படத்தை 1996-இல் முழுநீளப் படமாக்கி அறிமுகமானவர் அவர். முழுநீளப் படங்களுக்காகப் பலமுறை பரிந்துரைக்கப்பட்டும் வெல்லாத அவருக்கு, 2024-இல் முதல் அகாடமி விருது கிடைத்தது ஒரு குறும்படத்துக்குத்தான். முழுநீளப் படங்களில் முத்திரை பதித்த ஒருவர் விரும்பி அந்த அளவுக்குத் திரும்பி வருகிறார் என்றால், அங்கே வேறெங்கும் செய்ய முடியாத ஏதோ ஒன்று இருக்கிறது என்றுதானே கொள்ள வேண்டும்?

இணையக் காணொளித் தளங்கள் வந்த பிறகு இந்தக் கலைஞர்களுக்குப் பொற்காலம் பிறந்துவிட்டது என்று சொல்பவர்களோடு நான் பாதி மட்டுமே உடன்படுகிறேன். 2005-இல் யூடியூப் தொடங்கியதிலிருந்து படத்தைக் காட்டுவதற்கு யாருடைய தயவும் தேவையில்லை என்ற நிலை வந்தது உண்மை. ஆனால் அந்தத் தளங்கள் இடைவிடாமல் பதிவேற்றுகிறவரையே முன்னால் தள்ளுகின்றன. வாரத்துக்கு ஒன்று போடுகிறவரின் நகைச்சுவைத் துணுக்கும், ஒன்றரை ஆண்டு உழைத்த பதினோரு நிமிடப் படமும் ஒரே வரிசையில் நிற்கின்றன. முதல் ஐந்து நொடிக்குள் ஆளைப் பிடித்து நிறுத்த வேண்டும் என்ற கட்டாயம், மெதுவாக ஏறி வந்து எதிர்பாராத இடத்தில் வெடிக்கிற நகைச்சுவைக்கு நேர் விரோதமானது. கீட்டனின் இரண்டாவது ரயில் வருவதற்கு முன்பே பார்வையாளர் அடுத்த காணொளிக்குப் போயிருப்பார்.

பதிவுகள் இல்லாவிட்டால் என்ன நேரும் என்பதற்கும் ஒருவரைச் சொல்கிறேன். 1920-களில் சார்லி பவர்ஸ் என்ற அமெரிக்கர், நடிகர்களையும் பொம்மை அசைவு நுட்பத்தையும் கலந்து விசித்திரமான நகைச்சுவைக் குறும்படங்களை எடுத்து, அவற்றில் தாமே நடிக்கவும் செய்தார். 1926-இல் வந்த ஒரு படத்தில், காரின் எஞ்சினுக்குள் வைத்த முட்டைகள் பொரிந்து குட்டிக் கார்களாக வெளியே வருகின்றன. தாய்க் காரின் அடியில் அவை ஓடிப் போய் ஒதுங்குவதை ஒருமுறை பார்த்தவர் மறக்கமாட்டார். சர்ரியலிசக் கவிஞர் ஆந்த்ரே பிரெத்தோன் இவருடைய ஒரு படத்தை வியந்து எழுதியிருக்கிறார். ஆனாலும் 1946-இல் பவர்ஸ் இறந்தபோது அவர் அறவே மறக்கப்பட்டிருந்தார். பின்னர் பிரான்சின் துலூஸ் நகரத் திரைப்படக் காப்பகத்தாரின் முயற்சியால்தான் அவருடைய சுருள்கள் ஒவ்வொன்றாக வெளிச்சத்துக்கு வந்தன. அவர் இருந்த காலத்திலேயே அவருடைய படங்களைப் பற்றி நாலு நல்ல விமரிசனங்கள் தொடர்ந்து வந்திருந்தால், இந்தத் தேடலில் பாதி மிச்சமாகியிருக்கும்.

எனவே தங்களிடம் சில வேண்டுகோள்கள். குறும்படங்களுக்கும் முறையான விமரிசனம் வெளியிடுங்கள். முழுநீளப் படத்துக்கு ஒதுக்கும் இடத்தில் கால் பங்கு போதும். படத்தின் பெயரோடு, எழுதி இயக்கியவர், படத்தொகுப்பாளர், ஆண்டு, ஓடும் நேரம் ஆகியவற்றையும் தவறாமல் அச்சிடுங்கள். இருபது ஆண்டு கழித்து ஒருவர் தேடும்போது அவைதாம் கைகொடுக்கும். விழாவில் பரிசு பெற்றதை மட்டும் செய்தியாக்காமல், அந்தப் படம் எதைச் செய்ய முயல்கிறது, அதில் எங்கே வெல்கிறது, எங்கே சறுக்குகிறது என்று எழுதச் சொல்லுங்கள். பாராட்டு மட்டுமே கிடைக்கும் ஒரு கலை வளர்வதில்லை. மோசமான நகைச்சுவைக் குறும்படத்தை மோசம் என்று எழுதுவதும் அதற்குச் செய்யும் மரியாதைதான். பத்துப் பதினைந்து படங்கள் எடுத்துவிட்ட ஒருவரை நேர்காணும்போது, அவருடைய முதல் படத்துக்கும் அண்மைப் படத்துக்கும் இடையில் சிரிப்பின் தன்மை எப்படி மாறியிருக்கிறது என்று கேட்கலாம். எந்தக் காட்சியை வெட்ட மனமில்லாமல் வெட்டினார் என்று கேட்கலாம். அடுத்த குறும்படம் எதைப் பற்றியது என்றும் கேட்கலாம். முழுநீளப் படத்தைப் பற்றி அவரே பேச்சை எடுத்தால் மட்டும் அதை எழுதிக்கொள்ளட்டும்.

இப்படிக்கு,
தங்கள் நீண்டநாள் வாசகர் ஒருவர்